துணை வேஷம்

குன்றத்தூரில் பிறந்த சேக்கிழார் சோழ மன்னனுக்கு அமைச்சராக இருந்தவர் என்பர். அரசவையில் பழகிய அந்த மனிதர், காவியம் பாட உட்கார்ந்தபோது பானை வனைபவரையும் துணி வெளுப்பவரையும் வலை வீசுபவரையும் தேடிப் போனார். சுந்தரரே பெரியபுராணத்தின் தலைவர். ஆனாலும் மற்ற அடியார்கள் அவருக்கு வெறும் நிழலாகிவிடவில்லை. அவரவர் புராணத்தில் அவரவரே நாயகர்.

வாழ்க்கை இத்தனை பெருந்தன்மையோடு நடந்துகொள்வதில்லை. பலர் கடைசிவரை இன்னொருவர் கதையிலேயே வந்து போகிறார்கள். அது குறைந்த வாழ்வா? இப்படி எண்ணும்போது நடிகை எஸ். என். லட்சுமி என் நினைவுக்கு வருகிறார்.

நாடக மேடையில் தேர்ந்து திரைக்கு வந்தவர். 1964-ல் வந்த 'சர்வர் சுந்தர'த்தில் நாகேஷின் தாய். 1990-ல் 'மைக்கேல் மதன காம ராஜ'னில் கை நீளமான பாட்டி, கொட்டகையே சிரித்தது. 1994-ல் 'மகாநதி'யில், மருமகன் சிறைக்குப் போனபின் பேரக் குழந்தைகளின் பாரத்தைச் சுமக்கும் மாமியார். 2004-ல் 'விருமாண்டி'. பிறகு சின்னத்திரையில் 'சரவணன் மீனாட்சி'. 2012-ல் அவர் மறைந்தார். பெயரைச் சொன்னால் யோசிப்பவர்கள்கூட, படத்தைக் காட்டினால், "அட, அந்தப் பாட்டியா!" என்பார்கள்.

'சிறிய வேஷம் என்று ஒன்று இல்லை' என்று ஆறுதல் சொல்வது எளிது. பெரும்பாலும் அதைச் சொல்கிறவர் பெரிய வேஷம் போட்டவராகவே இருப்பார். சிறிய வேஷம் உண்டு. சிறிய கூலியும் உண்டு. சுவரொட்டியில் முகமே இல்லாமற் போவதும் உண்டு. இவற்றை மறைப்பது தத்துவமல்ல, சாமர்த்தியம். ஆனால், வேஷம் சிறியதென்று உழைப்பைச் சுருக்காமலிருப்பது நடிப்பவர் கையில் இருக்கிறது. லட்சுமி செய்தது அதைத்தான். அந்தப் பாட்டி, திரைக்கு வருவதற்கு முன்பும் எங்கோ வாழ்ந்துகொண்டிருந்தவள் என்று நம்மை நம்ப வைத்தார்.

இது நடிப்புத் தொழிலுக்கு மட்டும் உரிய விஷயமல்ல. இன்று குன்றத்தூரைச் சுற்றியுள்ள ஊர்களிலிருந்து ஒரகடத்துக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் தொழிற்சாலை வேலைக்குப் போகிறவர்கள் ஏராளம். ஒருவர் திருகாணியை முடுக்குகிறார். இன்னொருவர் கதவைப் பொருத்துகிறார். வெளியே வரும் காரில் கம்பெனியின் பெயர் மட்டுமே இருக்கிறது.

ஏற்ற வேலையை நிறைவாகச் செய்வது அவர்களுடைய அறம். செய்தவரைப் பெயரோடு நினைப்பது நம்முடைய அறம். முன்னதைப் புகழ்ந்துவிட்டுப் பின்னதிலிருந்து நாம் நழுவிவிடுகிறோம். அவர்கள் மனநிறைவோடு இருக்கிறார்கள் என்பது நம் மறதிக்குச் சமாதானமாகுமா? எல்லாரையும் பாடச் சேக்கிழாரால்தான் முடியும். நம் வீட்டுக் கதையில் துணையாக வந்து போகிறவர்களின் பெயரையாவது நாம் கேட்டுத் தெரிந்து வைத்துக்கொள்ளலாம்.