சிதறிய உடலும் சிரிப்பும்

அடிபட்டு விழுகிறவனைப் பார்த்துச் சிரிப்பது கொடுமையா? சிரிப்பைப் பற்றி 1900இல் வெளியான நூலில் பிரெஞ்சுத் தத்துவ அறிஞர் ஆன்றி பெர்க்சன், சிரிக்கிற நேரத்துக்கு நெஞ்சம் மரத்துப்போக வேண்டும் என்கிறார்; இரக்கம் புகுந்தால் சிரிப்பு நின்றுவிடும். 1909இல் துரின் நகரத்து இத்தாலா நிறுவனம் எடுக்கத் தொடங்கிய கிரெட்டினெட்டி ஊமைப்படங்களை மேலோட்டமாகப் பார்த்தால் அது சரியென்றே படும். ஆந்த்ரே தீத் நடித்த அந்த அசட்டு நாயகன் படத்துக்குப் படம் விழுகிறான், உதைபடுகிறான், துரத்தப்படுகிறான். ஆனால் அந்தச் சிரிப்பில் மரத்துப்போன நெஞ்சம் எனக்குத் தெரியவில்லை. அதே ஆண்டு வந்த 'கிரெட்டினெட்டி, எத்தனை அழகு!' படத்தையே எடுத்துக்கொள்வோம். சிங்காரித்துக் கிளம்பியவன்மீது பெண்களுக்கு மோகம் தலைக்கேறுகிறது. துரத்திப் பிடித்து ஆளுக்கொரு பக்கம் இழுத்ததில் அவன் துண்டுதுண்டாகிவிடுகிறான். கூட்டம் கலைந்த பிறகு, தரையில் கிடக்கும் கையும் காலும் தாமாகவே நகர்ந்து வந்து உரிய இடத்தில் பொருந்துகின்றன, அவன் எழுந்துவிடுகிறான். படத்தின் உச்சம் அந்த நகர்வுதான். அவன் அழிந்ததற்காக நாம் சிரிக்கவில்லை, அழிவு அவனிடம் தோற்றதற்காகச் சிரிக்கிறோம்.

சிதறிய உடல் ஒன்றுசேருமா என்பது கிறிஸ்தவத்தின் பழைய கேள்வி. விலங்குகள் தின்ற உடலும் சாம்பலாய்ப் போன உடலும் எப்படி உயிர்க்கும் என்று கேட்டவர்களுக்குப் புனித அகுஸ்தினார் 'கடவுளின் நகரம்' நூலின் கடைசிப் பகுதியில் பொறுமையாக விடை சொல்கிறார்: படைத்தவருக்குச் சேர்த்தெடுப்பது இயலாததல்ல. தீத் மறையுரை நிகழ்த்தினார் என்று நான் சொல்லவில்லை. உடல் வெறும் கழிவல்ல என்ற பிடிவாதம் இருவருக்கும் பொது என்கிறேன். கேமராவை நிறுத்திப் பொம்மையை மாற்றிவைத்த தந்திரத்தில் என்ன தத்துவம் என்று கேட்கலாம். தீத், தந்திரக் காட்சிப் படங்களுக்குப் பேர்போன பிரெஞ்சு இயக்குநர் மெலியேயிடம் நடித்தவர். அந்த வித்தைகளை அருகிலிருந்து பார்த்தவர். தந்திரமென்று தெரிந்தும் பார்ப்பவர் மனம் குளிர்கிறதே, அதைத்தான் விளக்க வேண்டியிருக்கிறது. இதைவிடக் கனமான மறுப்பு அகுஸ்தினாரிடமே உண்டு. மறைசாட்சிகளின் காயத்தழும்புகள் உயிர்த்த உடலிலும் மாண்புடன் தெரியக்கூடும் என்று அவர் கருதினார். பட்ட துன்பம் அங்கே மறக்கப்படுவதில்லை. கிரெட்டினெட்டியோ ஒரு கீறலும் இல்லாமல் எழுகிறான், அடுத்த படத்தில் எதுவுமே நடக்காததுபோல வருகிறான். இந்த மறுப்பை நான் ஏற்கிறேன். தழும்பைச் சுமக்க அந்த நகைச்சுவைக்கு வலு போதாது. 1915இல் இத்தாலி போரில் இறங்கி, உடல் சிதைந்த மனிதர்கள் ஊர்தோறும் திரும்பி வந்தபோது, அந்த நகைச்சுவையிடம் அவர்களுக்குச் சொல்ல எதுவும் இருக்கவில்லை. அது, சிதறிய உடல் மீளும் என்ற அந்த நம்பிக்கையின் குறைதான். பெர்க்சன் சொன்ன மரத்துப்போன நெஞ்சம் அதுவல்ல.