ஆடையும் உரிமையும்

மருதனார்மடத்திலே 1913 இல் பெண்கள் கல்லூரியை நிறுவியவர் பொன். இராமநாதன். அவர் தம்பி அருணாசலத்தின் கேம்பிரிட்ஜ் நண்பர், சோசலிசவாதி எட்வேர்ட் கார்ப்பென்டர். 1890 இல் இலங்கை வந்து சென்றவர். மறு ஆண்டிலே, பம்பாய் மாகாணத்துத் தானாவில் நீதிபதியாயிருந்த குரோபோர்ட் என்னும் ஆங்கிலேயர், ஆடையின்றி இருக்க விரும்புவோர்க்கென ஒரு சங்கம் அமைத்து, அதைப் பற்றிக் கார்ப்பென்டருக்குக் கடிதம் எழுதினார். உறுப்பினர் மூவரே!

உடல் நாணத்தக்க பொருளன்று என்பது அவர் கொள்கை. நாமும் அதனை ஏற்கிறோம்; தன் நிறத்தையும் மெலிவையும் எண்ணிக் கூசும் மாணவிக்கு அதனைச் சொல்லத்தான் வேண்டும். ஆயினும், நீதிபதி களைந்த அங்கியை மறுநாட் காலை மீண்டும் அணிந்துகொள்ளலாம். அந்த வாய்ப்பு எல்லோர்க்கும் இருந்ததில்லை. திருவிதாங்கூரிலே நாடார் பெண்கள் மார்பை மறைக்கும் உரிமைக்காக அடியுண்டு போராடினர். 1859 இலேதான் அரசாணை பிறந்தது. அதுவும் உயர்சாதிப் பெண்களைப்போல் அணியலாகாது என்ற நிபந்தனையோடு. யாழ்ப்பாணத்துச் சாதியமைப்பும் ஒடுக்கப்பட்டோர்க்கு மேலாடையை மறுத்ததை நாம் மறக்கலாமா? அங்கே திறந்த மேனி இயற்கை வாழ்வன்று. சாதி இட்ட முத்திரை. அப்பெண்கள் தம் உடலை வெறுத்தா துணி கேட்டனர்? அவ்வுடல் தம்முடையது என்பதனாலன்றோ கேட்டனர்!