மைத்திரேயி கேட்ட கேள்வி

விதேக நாட்டுச் சனக மன்னன் ஆயிரம் பசுக்களின் கொம்புகளிற் பொன் கட்டி நிறுத்தி, கூடியிருந்தோருள் சிறந்த ஞானி அவற்றைக் கொண்டு செல்லலாம் என்றான். வாதம் தொடங்கு முன்னரே தம் சீடனை அழைத்து அவற்றை ஓட்டிச் செல்லச் சொன்னவர் யாக்ஞவல்கியர். முனிவரென்றாலும் அவர் வறியவரல்லர். (மாடு என்ற சொல்லுக்கே தமிழிற் செல்வம் என்றொரு பொருளுண்டு.)

இவர் இல்லறம் துறக்க எண்ணி, மனைவியரான மைத்திரேயிக்கும் காத்தியாயனிக்கும் சொத்தைப் பங்கிட முன்வந்தார் என்கிறது பிருகதாரணியக உபநிடதம். செல்வம் நிறைந்த பூமி முழுவதும் எனதானாலும் அதனால் நான் சாவாமை அடைவேனா என்று மைத்திரேயி கேட்டாள். வசதியுள்ளவர் வாழ்வு போல் உன் வாழ்வும் அமையும். சாவாமைக்கு அதில் இடமில்லை என்றார் முனிவர்.

சென்ற ஆண்டு நான் இளைப்பாறிப் பணிக்கொடைப் பணம் கைக்கு வந்தபோது எங்கள் வீட்டிலும் ஒரு வழக்கு எழுந்தது. பக்கத்துத் தோட்டக்காணி மூன்று பரப்பை வாங்குவோம், காணி எங்கையும் ஓடாது என்றார் என் மனைவி. "அப்பா, அவசரத்துக்குக் காணியை விற்க ஏலாது, பங்கெண்டால் நினைச்ச உடனே விற்கலாம்" என்றான் கொழும்பிலுள்ள மகன்.

மகன் சொன்னதில் உண்மை உண்டு. 2009, 2010 ஆகிய இரண்டு ஆண்டுகளில் கொழும்புப் பங்குச் சந்தையின் விலைச்சுட்டெண் நான்கு மடங்குக்கு மேல் உயர்ந்தது. ஆனால் 2022இல் அது ஏறத்தாழ 30 சதவீதம் வீழ்ந்தது. அவ்வாண்டு ஏப்ரல் 18 முதல் 22 வரை சந்தையையே மூடி வைத்தார்கள். நினைத்த உடனே விற்க அந்த ஐந்து நாளும் எவராலும் முடியவில்லை.

காணி ஓடாதுதான். 1990இல் வலிகாமம் வடக்கிலிருந்து ஓடியவர்கள் நாங்கள். ஐயா வேறெதையும் எடுக்கவில்லை, உறுதிகளை மட்டும் ஒரு துணிப்பையிற் சுற்றிக்கொண்டார். இடம்பெயர்ந்த வீடுகள்தோறும் அந்தப் பை அவர் தலைமாட்டில் இருந்தது. 2017இல் எங்கள் பகுதி விடுபட்டபோது அவர் இல்லை. வேலியுமில்லை, கதியாலுமில்லை, தூர்ந்த கிணறு ஒன்றே அடையாளம். அந்தக் கிணற்றிலிருந்து எல்லையை அளக்கப்போய், ஒரு முழ நிலத்துக்காக அண்ணரும் நானும் இரண்டு வருடம் கதைக்காமல் இருந்தோம். ஐயாவின் ஆண்டுத் திவசத்தைக்கூட வேறு வேறாகச் செய்தோம்.

உள்ளதைச் சொன்னால், காணியா பங்கா என்று நாம் வாதிட்டது வயிற்றுப் பாட்டுக்காக மட்டுமல்ல. எங்களுக்குப் பிறகும் இது இருக்கும் என்ற எண்ணமே வாதத்துக்குச் சூடேற்றியது. நாம் போனாலும் நமது ஒரு துண்டு இங்கே கிடக்கவேண்டும் என்கிறது மனம். மைத்திரேயி அந்த இடத்திற் கை வைத்தாள். அவளுக்கு முனிவர் கூறிய விடையும் எளிதன்று. நீரிற் கரைந்த உப்புக்கட்டியை மீண்டும் கட்டியாக எடுக்க முடியாது, எங்கே அள்ளினாலும் உப்பே என்றார். இறந்தபின் தனித்த உணர்வில்லை என்றும் சொன்னார். மைத்திரேயியே கலங்கிப்போனாள். (சைவசித்தாந்தம் இவ்விடத்தில் வேறு விளக்கம் தரும், அதை அறிஞரிடம் விடுகிறேன்.)

எமது பிரசங்கிமார் காத்தியாயனியைக் குறைவாகப் பேசுவதுண்டு. எனக்கு அது பிடிப்பதில்லை. முனிவர் காடேகிய மறுநாளும் அந்த வீட்டில் உலை வைக்க ஒருவர் வேண்டும். தனக்குரிய பங்கைப் பெறுவதிற் குற்றமில்லை. அந்தப் பங்கு எதைத் தரும், எதைத் தராது என்று கேளாமலே பெறுவதுதான் எங்களைப் போன்றோரின் பிழை.

போன மாதம் அண்ணர் வீட்டுக்குப் போனேன். எல்லைக்கல்லை அவர் சொன்ன இடத்திலேயே நடச் சொன்னேன். அவர் ஒன்றும் பேசவில்லை, தேத்தண்ணி தந்தார். இந்த வருடத் திவசம் அவர் வீட்டில். பணம் இன்னும் வங்கியிற்றான் கிடக்கிறது, மனைவியும் மகனும் விட்டபாடில்லை.