இழப்பீடு யாருக்கு?

அடிமை முறையை ஒழித்தபோது பிரிட்டிஷ் அரசு தாராளமாகவே இழப்பீடு கொடுத்தது: 2 கோடி பவுண்ட். ஆனால் வாங்கிக்கொண்டவர்கள் முதலாளிகள். முதுகொடிய உழைத்த கறுப்பின மக்களுக்குச் சல்லிக்காசு இல்லை.

கணக்கு மட்டும் படு துல்லியம். வயல் வேலைக்காரர், கைத்தொழில் தெரிந்தவர், வீட்டு வேலையாள், ஆறு வயது நிரம்பாத குழந்தை, தள்ளாத முதியவர் என்று மனிதர்களை வகை பிரித்து, வகைக்கொரு தொகை போட்டார்கள். பிறந்த குழந்தைக்குக்கூட அந்தப் பட்டியலில் இடமிருந்தது. இதற்காக அரசு வாங்கிய கடன் முழுதாக அடைந்தது 2015இல்தான். அதுவரை வரி கட்டியவர்களில் அந்த அடிமைகளின் வழித்தோன்றல்களும் உண்டு.

1834 ஆகஸ்ட் 1 அன்று சட்டம் நடைமுறைக்கு வந்தும், கரீபியத் தீவுகள் பெரும்பாலானவற்றில் பெரியவர்களுக்கு உடனே விடுதலை இல்லை. ‘தொழில் பழகுநர்’ என்ற புதுப்பெயரில் 1838 வரை பழைய எஜமானருக்கே கூலியில்லாமல் உழைத்தார்கள். தலைமுறை தலைமுறையாகக் கரும்பு வெட்டியவர்களுக்கு இனி என்ன பழக்கம் பாக்கி இருந்ததோ!

கூடுதல் நேர வேலைக்குக் கிடைத்த சொற்பக் காசை முடிந்து வைத்தவர்களும் இருந்தார்கள். 1839இல் பிரிட்டிஷ் கயானாவில் 83 பேர் அப்படிச் சேர்த்ததை ஒன்றாகப் போட்டு, நார்த்புரூக் தோட்டத்தையே விலைக்கு வாங்கினார்கள். விக்டோரியா என்ற கிராமம் அப்படி உருவானது. பணத்தைச் சில்லறையாகத் தள்ளுவண்டிகளில் கொண்டுபோய்க் கொடுத்தார்கள் என்பது அங்கே வழிவழியாகச் சொல்லப்படும் கதை.