யார் பொருட்டு முடிவெடுப்பது? கால்நடை மருத்துவரும் மக்கள் பிரதிநிதியும்

பிறருக்காக முடிவெடுக்கும் பொறுப்பை ஏற்றவர் அவர்களுடைய விருப்பத்துக்குக் கட்டுப்பட்டவரா, அல்லது நலனுக்குக் கட்டுப்பட்டவரா? அறவியலின் பழைய கேள்விகளில் ஒன்றான இது, கால்நடை மருத்துவர், சட்டமன்ற உறுப்பினர் ஆகிய இருவரின் பணியிலும் கூர்மையாக எழுகிறது. இரண்டு பணிகளையும் ஒரே காலத்தில் செய்தவர் அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தைச் சேர்ந்த வெய்ன் அல்லார்ட். இந்தக் கேள்வியை ஆராய அவருடைய பொதுவாழ்வு ஏற்ற சான்றாக அமைகிறது.

அல்லார்ட் 1943 டிசம்பர் 2 அன்று ஃபோர்ட் காலின்ஸ் நகரில் பிறந்து, வால்டன் என்ற சிற்றூருக்கு அருகே மாட்டுப் பண்ணையில் வளர்ந்தார். 1968இல் கொலராடோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கால்நடை மருத்துவப் பட்டம் பெற்று, மனைவி ஜோனுடன் சேர்ந்து லவ்லாண்ட் நகரில் மருத்துவமனை தொடங்கினார். 1983இல் லாரிமர், வெல்ட் மாவட்டங்களின் பிரதிநிதியாக மாநில செனட்டில் நுழைந்தார். அங்கிருந்த எட்டு ஆண்டுகளிலும் மருத்துவத் தொழிலைக் கைவிடவில்லை. பிறகு 1991 முதல் 1997 வரை அமெரிக்க நாடாளுமன்றத்தின் கீழவையிலும், 1997 முதல் 2009 வரை செனட்டிலும் குடியரசுக் கட்சி உறுப்பினராக இருந்தார்.

கால்நடை மருத்துவரின் சிக்கல், நோயாளி ஒருவர், கட்டணம் தருபவர் இன்னொருவர் என்பதில் தொடங்குகிறது. பசுவைக் குணப்படுத்த ஆகும் செலவு அதன் விலையை மிஞ்சினால், அதை அடிமாட்டுக்கு அனுப்ப உரிமையாளர் முடிவெடுக்கலாம். அமெரிக்காவில் சட்டமும் அதைத் தடுப்பதில்லை. அல்லார்ட் படித்த அதே பல்கலைக்கழகத்தில் 1970களின் இறுதியில் கால்நடை மருத்துவ அறவியலை ஒரு பாடமாகவே கற்பிக்கத் தொடங்கிய மெய்யியலாளர் பெர்னார்ட் ராலின், இதையே அத்துறையின் அடிப்படைக் கேள்வி என்றார். உரிமையாளர் சொல்படி வண்டியைச் சரிசெய்தோ கைவிட்டோ விடும் மெக்கானிக்கைப் போன்றவரா இந்த மருத்துவர்? அல்லது பெற்றோரே மறுத்தாலும் பிள்ளையின் நலனுக்காக வாதாட வேண்டிய குழந்தை மருத்துவரைப் போன்றவரா? ராலினின் விடை இரண்டாவது பக்கமே சாய்ந்தது.

இதே கேள்வி ஆட்சியைப் பற்றிய விவாதத்தில் இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே எழுந்துவிட்டது. பிளேட்டோவின் ‘குடியரசு’ நூலில், மேய்ப்பன் ஆடுகளைக் கொழுக்க வைப்பது தன் நன்மைக்கும் எசமானின் நன்மைக்குமே என்கிறார் சாக்ரட்டீஸுடன் வாதிடும் திராசிமாக்கஸ். ஆட்சியாளரும் அப்படித்தான் என்பது அவர் கட்சி. சாக்ரட்டீஸ் இதை மறுக்கிறார்: மருத்துவக் கலை நோயாளியின் நலனைத் தேடுவதுபோல, எந்தக் கலையும் தன் பொறுப்பில் உள்ளதன் நலனையே தேடும், கூலி பெறுவது வேறொரு கலை. பிரதிநிதித்துவ அரசியலில் இக்கேள்வி மீண்டும் வந்தது. 1774இல் இங்கிலாந்தின் பிரிஸ்டல் தொகுதியில் தேர்ந்தெடுக்கப்பட்டு, அதன் வாக்காளர்களிடம் பேசிய எட்மண்ட் பர்க், தொகுதியின் கட்டளையை அப்படியே நிறைவேற்றுவது உறுப்பினரின் வேலையல்ல, தன் அறிவால் ஆராய்ந்து முடிவெடுப்பதே கடமை என்றார். ஆறு ஆண்டுகளில் அந்தத் தொகுதி அவர் கையைவிட்டுப் போனது.

ஆனால் மந்தையைக் காப்பதும் மக்களை ஆள்வதும் ஒன்றல்ல. பிளேட்டோவே ‘அரசியலாளர்’ என்ற உரையாடலில் ஆட்சியாளரை மனித மந்தையின் மேய்ப்பராக வரையறுத்துப் பார்த்துவிட்டு, அதைத் திருத்துகிறார். மேய்ப்பன் மந்தையைவிட வேறான, மேலான இனத்தவன். ஆட்சியாளரோ ஆளப்படுபவரின் இயல்பும் வளர்ப்பும் கொண்டவர். இந்த வேறுபாட்டிலிருந்து முக்கியமான ஒன்று பிறக்கிறது. கால்நடை மருத்துவர் ஒருநாளும் தன் நோயாளியின் இடத்தில் நிற்க முடியாது. சட்டம் இயற்றுபவரோ தான் இயற்றிய சட்டத்தின் கீழ் வாழ முடியும். அப்படி வாழவும் வேண்டும். ஆளவும் ஆளப்படவும் அறிந்திருப்பதே நல்ல குடிமகனின் சிறப்பு என்ற அரிஸ்டாட்டிலின் கருத்தும் இதன் பாற்பட்டதே.

கொலராடோவின் ‘குடிமக்கள் சட்டமன்றம்’ என்ற மரபு இந்தக் கருத்தின் நடைமுறை வடிவம். விவசாயி, ஆசிரியர், வணிகர், மருத்துவர் என ஒவ்வொருவரும் ஆண்டில் சில மாதம் சட்டம் இயற்றிவிட்டு, மீதி நாள்களில் தத்தம் தொழிலுக்குத் திரும்புவார்கள். சட்டமன்றக் கூட்டத்தொடரை ஆண்டுக்கு 120 நாள்களுக்குள் அடக்கும் ஏற்பாட்டை மாநில செனட்டில் முன்னெடுத்தவர் அல்லார்ட். 1988இல் வாக்காளர்கள் அதை ஏற்றனர். 1990இல் அம்மாநிலம் பதவிக்காலத்துக்கும் வரம்பு விதித்தது. நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு மாநிலங்கள் இப்படி வரம்பு விதிக்க முடியாது என 1995இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. எனவே செனட்டில் இரண்டு முறைதான் இருப்பேன் என்று அல்லார்ட் சொன்னதற்குச் சட்டக் கட்டாயம் ஏதும் இல்லை. சொன்னபடியே 2008 தேர்தலில் அவர் போட்டியிடவில்லை.

அவருடைய சட்டப் பணிகளில் இரண்டு, இந்தக் கேள்வியின் இரு முனைகளைக் காட்டுகின்றன. முதலாவது சேவல் சண்டை பற்றியது. சண்டைச் சேவல்களை மாநிலம் விட்டு மாநிலம் கொண்டுசெல்ல 1976ஆம் ஆண்டின் கூட்டாட்சிச் சட்டம் விதித்த தடையில், அந்தச் சண்டை அனுமதிக்கப்பட்ட மாநிலங்களுக்கு விலக்கு இருந்தது. அந்த விலக்கை நீக்கும் முயற்சியைச் செனட்டில் நடத்தியவர் அல்லார்ட். 2002ஆம் ஆண்டின் வேளாண் சட்டத்தில் அது நிறைவேறியது. வாயில்லா உயிருக்கு வாக்கும் இல்லை. அதன் நலனை வேறொருவர்தான் கணித்தாக வேண்டும். ராலின் சொன்ன குழந்தை மருத்துவரின் நிலை இங்கே அப்படியே பொருந்துகிறது.

இரண்டாவது, திருமணம் ஆணுக்கும் பெண்ணுக்கும் இடையிலானது மட்டுமே என்று வரையறுக்கும் அரசியலமைப்புத் திருத்தம். அதைச் செனட்டில் முன்மொழிந்தவரும் அவரே. 2004இலும் 2006இலும் அது இறுதி வாக்கெடுப்பை எட்டாமலே நின்றது. அதே கருத்துடைய மாநிலத் திருத்தத்தைக் கொலராடோ வாக்காளர்கள் 2006 நவம்பரில் ஏற்றதால், பெரும்பான்மையின் விருப்பத்தை அவர் எதிரொலித்தார் என்று கொள்ளலாம். ஆனால் அந்தத் திருத்தம் தொட்ட மக்கள் வாயில்லாதவர்கள் அல்லர். தங்கள் நலன் எது என்பதைத் தாங்களே சொல்லிக்கொண்டிருந்தவர்கள். பேசத் தெரிந்தவரின் நலனை அவர் சொல்லைக் கேளாமல் தீர்மானிப்பதற்கு, அது பெரும்பான்மையின் முடிவாகவே இருந்தாலும், கால்நடை மருத்துவரிடமிருந்து நியாயம் கடன் வாங்க முடியாது.

குடிமக்கள் சட்டமன்றக் கொள்கைக்கும் எதிர்வாதங்கள் உண்டு. குறுகிய கூட்டத்தொடரும் வரம்புள்ள பதவிக்காலமும் உறுப்பினர்களின் அனுபவத்தைக் குறைத்து, நிரந்தர அதிகாரிகளுக்கும் ஆதரவு திரட்டும் நிறுவனங்களுக்கும் செல்வாக்கைக் கூட்டும் என்பது ஒன்று. ஆண்டின் பெரும்பகுதி வேறு தொழில் செய்பவர் அத்தொழிலின் நலனையும் அவைக்குள் கொண்டுவருவார் என்பது மற்றொன்று. வரம்பு ஒருவரைப் பதவியிலிருந்து இறக்கலாம், பழைய தொழிலுக்குத் திருப்பி அனுப்ப முடியாது என்பதும் உண்மை. அல்லார்டே செனட்டை விட்ட பின், அமெரிக்க மோட்டார்சைக்கிள் சங்கத்தின் அரசு உறவுகளுக்கான துணைத் தலைவராகப் பணியாற்றினார்.

ஆகவே கேள்விக்கு ஒரே விடை இல்லை. யார் சார்பில் முடிவெடுக்கப்படுகிறது என்பதைப் பொறுத்து விடை மாறும். பேச முடியாத உயிரின் பொருட்டு நலனே அளவுகோல். உரிமையாளரின் விருப்பம் அதற்கு அடுத்ததே. பேசக்கூடிய மக்களின் பொருட்டு, நலன் எது என்பதை அவர்களிடம் கேட்டே அறிய வேண்டும். அவர்களோடு அதே சட்டத்தின் கீழ் வாழ்பவருக்கே அந்தக் கேள்வியைத் தொடர்ந்து கேட்கும் தேவை இருக்கும். கூட்ட நாள்களுக்கும் பதவிக்காலத்துக்கும் விதிக்கப்படும் வரம்புகள் அந்தத் தேவையை நிறுவன வழியில் உண்டாக்கும் முயற்சிகள். வரம்பு மட்டும் அதற்குப் போதாது.