கொள்கை யாருடையது?

செய்வது செய்கை, வருவது வருகை. அப்படித்தான் கொள்வது கொள்கை. வரதட்சணை வாங்க மாட்டேன் என்று நிற்பவரைக் கொள்கைக்காரர் என்கிறோம். அந்தப் பிடிப்புக்கு அவர் விலை கொடுக்கிறார், சொந்தக்காரர்களின் முகச்சுளிப்பு உட்பட. தமிழ்நாட்டுச் சட்டமன்றத்தில் அரசு துறைவாரியாக வைக்கும் ஏட்டுக்கும் ‘கொள்கை விளக்கக் குறிப்பு’ என்றே பெயர். இங்கே விலை கொடுப்பவர் யார்? பெங்களூரின் ஈஜிபுராவில் குடியிருக்கும் என்னால் இந்தக் கேள்வியைத் தள்ளிவைக்க முடியவில்லை.

எங்கள் தெருவில் கிடைக்கும் கன்னடப் பத்திரிகைகள் அரசின் கொள்கையை ‘நீதி’ என்று எழுதும். வீட்டுவசதிக் கொள்கை ‘வசதி நீதி’ ஆகும். கன்னடத்தில் வசதி என்றால் குடியிருப்பு. நீதிக்குக் கன்னடர்கள் சொல்வது ‘ந்யாய’. எழுத்துக்கூட்டிப் படிக்கும் தமிழருக்கோ அந்தத் தலைப்பு இரண்டு வரங்களைச் சேர்த்துத் தருவதுபோல் இருக்கும்.

ஈஜிபுராவில் பொருளாதாரத்தில் நலிந்தவர்களுக்காக மாநகராட்சியின் அடுக்குக் குடியிருப்பு இருந்தது. ‘ஈ.டபிள்யூ.எஸ். குவாட்டர்ஸ்’ என்றால் யாரும் வழி காட்டுவார்கள். கட்டடங்கள் இல்லாமல் போன பிறகு, அதே நிலத்தில் தகரக் கொட்டகைகளில் குடும்பங்கள் காத்திருந்தன. அரசு–தனியார் கூட்டு என்ற கொள்கைப்படி, நிலத்தில் ஒரு பகுதி வணிக வளாகத்துக்கு, மறுபகுதி ஏழைகளின் வீடுகளுக்கு என்று ஒப்பந்தம் ஆனது. 2013 ஜனவரியில், பொங்கல் கழிந்த சில நாட்களில், போலீஸ் பாதுகாப்போடு இயந்திரங்கள் வந்து கொட்டகைகளைத் தரைமட்டமாக்கின. சுமார் 1,500 குடும்பங்கள். தலித்துகளே மிகுதி, தமிழ் பேசுகிறவர்கள் நிறையப் பேர். பெங்களூரின் தைக் குளிரில் பாத்திரமும் பாயும் பிள்ளைகளின் புத்தகப் பையும் நடைபாதைக்கு வந்தன.

நீதிமன்ற உத்தரவு இருந்தது, ஒப்பந்தம் இருந்தது என்று சொல்லலாம். இருக்கட்டும். அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட யாருடைய வீட்டுக் கூரையும் அன்று கழற்றப்படவில்லை. தனக்கு ஒரு செலவும் வைக்காத ஒன்றை ஒருவர் ‘கொண்டிருக்கிறார்’ என்று எப்படிச் சொல்வது? அதை முடிவு என்று எழுதலாம், திட்டம் என்று எழுதலாம். கொள்கை என்று எழுத எனக்குக் கை வரவில்லை.

இடித்த பிறகும் பல குடும்பங்கள் அந்த இடத்தை விட்டுப் போகவில்லை. ஊருக்கு வெளியே சூளிகுண்டேயில் மாற்று இடம் என்றார்கள். சிலர் போனார்கள், சிலர் அதே நடைபாதையில் தார்ப்பாய் கட்டி மாதக்கணக்கில் இருந்தார்கள். பக்கத்துக் கோரமங்கலாவில் வீட்டுவேலை பார்க்கும் பெண்கள் அவர்களில் உண்டு. விடிந்ததும் வேலைக்குப் போய், திரும்பி வந்து சாலையோரத்தில் அடுப்பு மூட்டினார்கள். பிடிவாதம் என்று அதற்குப் பெயர் வைத்தவர்கள் இருந்தார்கள். மழை, கொசு, போலீஸின் விரட்டல், கழிப்பறைக்கு அலைச்சல் என்று எல்லாச் செலவையும் தாங்களே ஏற்றுக்கொண்டு, இந்த மண்ணில்தான் வீடு வேண்டும் என்று நின்ற அந்தப் பெண்களுடையதைத்தான் நான் கொள்கை என்பேன்.