அட்டவணையின் கடைசி வரி

1962 ஜனவரி இறுதியில் ஸ்டாக்ஹோமில் ஒரு செஸ் போட்டி தொடங்கியது. இன்டர்சோனல் என்பார்கள், உலக சாம்பியனோடு மோதப்போவது யார் என்று வடிகட்டும் கட்டங்களில் ஒன்று. 23 பேர் ஆடினார்கள். பாபி ஃபிஷர் பதினேழரைப் புள்ளி எடுத்தார். அடுத்து வந்தவர்களுக்கும் அவருக்கும் இரண்டரைப் புள்ளி இடைவெளி. செஸ் உலகம் அந்தப் போட்டியை ஃபிஷருக்காகவே நினைவில் வைத்திருக்கிறது. எனக்கு முக்கியம் அந்த அட்டவணையின் கடைசி வரி. அதில் இருக்கும் பெயர் மேனுவல் ஆரோன், இந்தியா.

மெட்ராஸிலிருந்து ஸ்வீடனின் குளிருக்குப் போன அந்த 26 வயது இளைஞர் அங்கே இரண்டு கிராண்ட்மாஸ்டர்களைத் தோற்கடித்தார். ஒருவர் ஹங்கேரியின் லாயோஸ் போர்டிஷ், இன்னொருவர் கிழக்கு ஜெர்மனியின் வொல்ஃப்காங் ஊல்மன். அந்தக் காலத்தில் யாரும் அவ்வளவு எளிதாக ஜெயித்துவிடக்கூடிய ஆட்களில்லை இவர்கள். ஆனாலும் மொத்தக் கணக்கில் ஆரோனுக்குக் கீழே யாருமில்லை.

இந்தக் கடைசி வரியைப் பற்றி நான் யோசிக்கத் தொடங்கியது என் மகனால். அவனுக்கு 13 வயது. மும்பை தேவ்நாரில் எங்கள் கட்டடத்துப் பிள்ளைகளில் அவனோடு செஸ் ஆட இப்போது யாரும் உட்காருவதில்லை. தோற்றுவிடுவோம் என்று தெரியும். அதே பையன் செம்பூர், மாட்டுங்கா பக்கம் பள்ளிக்கூட ஹால்களில் நடக்கும் ஞாயிற்றுக்கிழமைப் போட்டிகளுக்குப் போனால் நடுவில் எங்கோ வருவான். மாநிலப் போட்டி என்றால் இன்னும் கீழே. ஹாலுக்கு வெளியே பெற்றோர் உட்கார்ந்திருக்கும் இடத்தில் பேச்செல்லாம் ஒன்றைச் சுற்றியே நடக்கும்: குகேஷ் 12 வயதிலேயே கிராண்ட்மாஸ்டர், பிரக்ஞானந்தா 10 வயதிலேயே சர்வதேச மாஸ்டர். உள்ளே ஆடிக்கொண்டிருக்கும் ஒன்பது வயதுக் குழந்தைக்கு இன்னும் எத்தனை வருஷம் மிச்சமிருக்கிறது என்று அப்பாக்கள் கணக்குப் போடுவார்கள். ஒருநாள் கோவண்டி ஸ்டேஷனில் இறங்கி நடக்கும்போது மகன் கேட்டான்: "கிராண்ட்மாஸ்டர் ஆகப் போறதில்லைன்னா எதுக்குப்பா ஆடணும்?"

கோபத்திலோ அழுகையிலோ கேட்கவில்லை. நியாயமான சந்தேகமாகத்தான் கேட்டான். அதனாலேயே அதற்கு ஒரு நேர்மையான பதில் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. "நீயும் ஆகலாம்டா" என்பது பொய்யாக இருக்க வாய்ப்பு அதிகம். "விளையாட்டுதானே, விடு" என்பது அவன் மூன்று மணிநேரம் தலையைக் கையில் தாங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்ததை அவமதிப்பது.

ஆரோனின் கதையை அவனுக்குச் சொல்லலாம் என்று எடுத்தேன். 1935 என்ற வருஷம் இதில் விசித்திரமானது. டென்மார்க்கின் பென்ட் லார்சன் அந்த வருஷம் மார்ச்சில் பிறந்தார். ஐஸ்லாந்தின் ஃப்ரீட்ரிக் ஓலாஃப்சன் ஜனவரியில். ஆரோன் டிசம்பர் 30-ஆம் தேதி, பர்மாவின் டவுங்கூவில். அதே டிசம்பரில்தான் ஹாலந்தின் மாக்ஸ் யூவே உலக சாம்பியன் ஆனார். கால் நூற்றாண்டு கழித்து, 1960-இல் லீப்சிக் செஸ் ஒலிம்பியாடில், அதே யூவேயை ஆரோன் ஜெயித்தார்.

லார்சனுக்கும் ஓலாஃப்சனுக்கும் கிடைத்த உலகம் வேறு. நோர்டிக் நாடுகளுக்கென்று ஒரு சாம்பியன்ஷிப் 1897-இலேயே ஸ்டாக்ஹோமில் தொடங்கிவிட்டது. கோபன்ஹேகன் பையன் ஒருவன் கொஞ்சம் தேறிவிட்டால் ஓஸ்லோவுக்கோ ஸ்டாக்ஹோமுக்கோ போய்த் தன்னைவிடக் கொஞ்சம் பலசாலியோடு ஆடலாம். 1955-இல் ஓஸ்லோவில் லார்சனும் ஓலாஃப்சனும் அந்தப் பட்டத்துக்குச் சமமாக வந்தார்கள். அடுத்த வருஷமே மாஸ்கோ ஒலிம்பியாடில் லார்சன் கிராண்ட்மாஸ்டர். நம் நாட்டிலோ முதல் தேசிய சாம்பியன்ஷிப்பே 1955-இல்தான், ஆந்திரத்தின் ஏலூரில் நடந்தது. பல ஊர்களில் அப்போதும் பழைய நாட்டு விதிதான்: சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும், செக் வாங்காத ராஜா ஒருமுறை குதிரைபோலத் தாவலாம். சர்வதேச விதிப்படி ஆடுங்கள், ஓப்பனிங் புத்தகங்களைப் படியுங்கள் என்று ஊர் ஊராகச் சொல்ல வேண்டியிருந்தவர்களில் முக்கியமானவர் ஆரோன். 1961-இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனார். அடுத்தவர், வி. ரவிக்குமார், வருவதற்கு 1978 ஆயிற்று. நடுவில் 17 வருஷம் அந்தப் பட்டத்தோடு நாட்டில் அவர் ஒருவரே. ஸ்டாக்ஹோமின் கடைசி வரி, ஒரு மனிதருக்குப் பின்னால் எவ்வளவு இருந்தது, எவ்வளவு இல்லை என்பதையும் சேர்த்துத்தான் அளந்தது.

இந்த இடத்தில் எல்லோரும் சொல்லும் ஆறுதல் ஒன்று உண்டு. 1972-இல் சென்னை சோவியத் கலாசார மையத்தில் ஆரோன் தொடங்கிய மிகயீல் தால் செஸ் கிளப்பில்தான் சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த் ஆடி வளர்ந்தார். 1988-இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். பிறகு உலக சாம்பியன். ஆகவே ஆரோன் வீண்போகவில்லை. எல்லாம் உண்மை. ஆனால் "ஆகவே" என்ற சொல் என்னை உறுத்துகிறது. ஆனந்த் வராமல் போயிருந்தால் ஆரோன் வீணா? பின்னால் வரப்போகிறவனுக்கு நீ படிக்கட்டு என்று 13 வயதுப் பையனிடம் எப்படிச் சொல்வது? அப்படிச் சொன்னால் அவன் ஆட்டம் அவனுடையதே இல்லை என்றாகிவிடும்.

டென்மார்க்கில் எரிக் ஆண்டர்சன் என்று ஒருவர் இருந்தார். 12 முறை நாட்டு சாம்பியன். 1927-இல் லண்டனில் நடந்த முதல் அதிகாரபூர்வ ஒலிம்பியாடில் வெள்ளி வாங்கிய டென்மார்க் அணியில் ஆடியவர். 1938-இல் 33 வயதில் இறந்துபோனார். அவர் நாட்டுக்கு வெளியே அந்தப் பெயர் இன்று எத்தனை பேருக்குத் தெரியும்? லார்சன் வந்ததற்கு ஆண்டர்சன் காரணம் என்று நான் கதை கட்ட மாட்டேன். ஆண்டர்சன் இறந்தபோது லார்சனுக்கு மூன்று வயதுகூட நிறையவில்லை. ஆண்டர்சன் தன் வட்டத்துக்குள் மறுபடி மறுபடி ஜெயித்தார், அவ்வளவுதான். அந்த "அவ்வளவுதான்" சின்ன விஷயமே இல்லை என்று நான் நினைக்கிறேன். பன்னிரண்டு தடவை, தன்னைத் தோற்கடிக்கவே தயார்செய்துகொண்டு வந்தவர்களுக்கு எதிரே உட்கார்ந்து தாங்கிய வாழ்க்கை அது.

லார்சனேகூட உச்சியைத் தொடவில்லை. மூன்று இன்டர்சோனல் போட்டிகளை ஜெயித்தவர், 1970-இல் பெல்கிரேடில் சோவியத் யூனியனை எதிர்த்து ஆடிய உலக அணியின் முதல் பலகையில் ஃபிஷருக்கு மேலாக உட்கார்ந்தவர், அடுத்த வருஷம் டென்வரில் அதே ஃபிஷரிடம் ஆறுக்கு ஆறும் தோற்றார். யாருக்கும் எங்கோ ஓர் இடத்தில் கூரை வந்து தலையில் இடிக்கிறது. சிலருக்கு அது செம்பூரில், சிலருக்கு டென்வரில். கூரை இடித்த பிறகு என்ன செய்வது என்பதுதான் என் மகன் கேட்ட கேள்வி.

ஆரோன் செய்தது இது: ஸ்டாக்ஹோமிலிருந்து திரும்பி வந்து மறுபடி ஆடினார். 1969 முதல் 1973 வரை ஐந்து வருஷம் தொடர்ந்து தேசிய சாம்பியன். கடைசியாக அந்தப் பட்டத்தை வாங்கியது 1981-இல், 45 வயதில். அது ஒன்பதாவது. உலகப் பட்டம் தனக்கில்லை என்று 1962-இலேயே தெரிந்த ஒருவர் அதற்குப் பிறகு 19 வருஷம் கழித்தும் ஜெயிக்கிறார் என்றால், அவரை உட்காரவைத்தது பட்டத்தைவிட அந்தரங்கமான ஏதோ ஒன்று. பலகையைப் பார்த்ததும் மனம் தானாக வேலை செய்யத் தொடங்கும் அந்த இன்பம் என்றுதான் நான் ஊகிக்கிறேன். போர்டிஷைத் தோற்கடித்த ஆட்டம், அட்டவணையில் அவர் எந்த வரியில் இருந்தாலும், முதல் நகர்விலிருந்து கடைசி நகர்வுவரை முழுமையானது. இடமெல்லாம் போட்டி முடிந்த பிறகு வேறு யாரோ கூட்டிப் பார்ப்பது.

மகனிடம் இதைச் சொன்னேன். "அப்ப அவருக்குக் கஷ்டமா இருந்திருக்காதா?" என்று கேட்டான். இருந்திருக்கும், நிச்சயம் இருந்திருக்கும் என்றேன். அடுத்த மாதப் போட்டிக்குப் பெயர் கொடுக்கலாமா என்று அவன் இன்னும் முடிவு செய்யவில்லை. நான் கேட்டு நெருக்கவும் இல்லை. போட்டி முடிந்து அவன் வெளியே வரும்போது "எத்தனாவது?" என்று கேட்கும் பழக்கத்தை மட்டும் விட்டுவிட்டேன். "எந்த ஆட்டம் நல்லா இருந்துது?" என்கிறேன். சில நாள் தோற்ற ஆட்டத்தைச் சொல்கிறான்.